ஏற்காடு தொடரோட்ட முகாம்: மலைக்காக வேண்டாம், மாலை வகுப்புக்காகச் செல்லலாம்

சேலத்தில் இயங்கும் தடகளப் பயிற்சியகம் ஒன்று, அரையாண்டு விடுமுறையில் ஏற்காட்டில் ஐந்து நாள் தொடரோட்டப் பயிற்சி முகாம் நடத்துகிறது. எட்டாம் வகுப்பு முதல் பன்னிரண்டாம் வகுப்பு வரை படிக்கும் மாணவ மாணவியர் சேரலாம். தங்குமிடம், உணவு, சேலத்திலிருந்து சென்று திரும்பும் வேன் எல்லாம் சேர்த்து ஒருவருக்கு 6,500 ரூபாய். பெற்றோரில் ஒருவர் உடன் தங்க விரும்பினால் அதற்குத் தனிக் கட்டணம். ஒன்பதாம் வகுப்புப் படிக்கும் என் மகள் பள்ளியின் 4x100 மீட்டர் தொடரோட்ட அணியில் (நால்வர், ஆளுக்கு நூறு மீட்டர்) மூன்றாம் ஆளாக ஓடுகிறாள் என்பதால், 2025 டிசம்பரில் நடந்த முகாமுக்கு அவளுடன் சென்று முழுவதும் இருந்து பார்த்தேன். குறைகளையும் எழுதவிருப்பதால் பயிற்சியகத்தின் பெயரைத் தவிர்க்கிறேன். தொடரோட்டத்துக்கென்றே ஏற்காட்டில் நடக்கும் முகாமைத் தேடுகிறவர்களுக்கு அதைக் கண்டுபிடிப்பது கடினமாக இராது.

என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்த முகாமை விற்பதற்காக அவர்கள் சொல்லும் காரணம் பொருந்தாதது. ஆனால் துண்டறிக்கையில் ஒரு வரிகூட இடம்பெறாத மாலை வகுப்பு, கொடுத்த பணத்துக்கு மேலாகவே பயன் தந்தது. அந்த வகுப்புக்குப் பாடப்புத்தகம் என்று எதுவும் இல்லை. தென்னாப்பிரிக்காவின் அகானி சிம்பினே என்ற ஓட்டக்காரருடைய பன்னாட்டுப் போட்டி வாழ்க்கைதான் அங்கே பாடம்.

முதலில் அந்தக் காரணத்தைப் பார்ப்போம். ‘ஐயாயிரம் அடி உயரத்தில் பயிற்சி, நுரையீரல் வலுப்படும், வேகம் கூடும்’ என்று துண்டறிக்கையில் அச்சிட்டிருக்கிறார்கள். ஏற்காடு கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,500 மீட்டர் உயரத்தில் இருப்பது உண்மை. அதிலிருந்து அவர்கள் எடுக்கும் முடிவுதான் பிழையானது. உயரமான இடத்தில் தங்கிப் பயிற்சி செய்தால் இரத்தச் சிவப்பணுக்கள் பெருகும் என்பது நெடுந்தூர ஓட்டக்காரர்களுக்கு உதவும் செய்தி. கென்யாவின் இட்டன் போன்ற ஊர்கள் 2,000 மீட்டருக்கும் மேலே இருக்கின்றன, அங்கும் அந்த மாற்றம் உடலில் நிலைபெறச் சில வாரங்கள் ஆகும். ஐந்து நாளில் ஒன்றும் நடக்காது. அதைவிட முக்கியமாக, 100 மீட்டர் ஓடுகிறவருக்குத் தேவையான ஆற்றலில் மிகப் பெரும்பகுதி தசைகளில் ஏற்கெனவே சேமித்து வைக்கப்பட்டிருப்பது. ஓடும்போது உள்ளிழுக்கும் காற்றை அவர் பெரிதாக நம்பியிருப்பதில்லை. விரைவோட்டக்காரருக்கு மலை தரும் உதவியே வேறு வகையானது. மேலே காற்றின் அடர்த்தி குறைவு, அதனால் எதிர்ப்பும் குறைவு, ஆகவே கடிகாரத்தில் நேரம் சற்று நன்றாகத் தெரியும். 1968-இல் ஏறத்தாழ 2,240 மீட்டர் உயரத்திலுள்ள மெக்சிகோ நகரத்தில் நடந்த ஒலிம்பிக்கில் விரைவோட்டச் சாதனைகள் வரிசையாக உடைந்ததற்கு இதுவும் ஒரு காரணம். 1,000 மீட்டருக்கு மேலான இடங்களில் ஓடிய நேரங்களுக்குப் பக்கத்தில் புள்ளிவிவரப் பட்டியல்களில் தனி அடையாளம் இடுவதும் இதனால்தான். சிம்பினே பயிற்சி பெறும் பிரிட்டோரியா நகரமும் 1,300 மீட்டருக்கு மேல் இருக்கிறது. ஆனால் அவருடைய பெயரை நிலைநாட்டிய ஓட்டங்கள் பாரிசிலும் டோக்கியோவிலும், அதாவது கடல் மட்டத்தை ஒட்டிய ஊர்களில் நடந்தவை. எனவே மலைக்காகப் பிள்ளைகளை அனுப்ப வேண்டியதில்லை.

தங்குமிடம், உணவு பற்றிப் பெரிதாகக் குறை சொல்ல எதுவும் இல்லை. காபித் தோட்டத்தை ஒட்டிய பழைய கட்டடம். ஆண் பிள்ளைகளுக்கும் பெண் பிள்ளைகளுக்கும் தனித்தனிக் கூடங்கள். இரவில் பெண்கள் கூடத்தில் உதவிப் பயிற்சியாளரான ஒரு பெண்மணி உடன் படுத்துக்கொள்கிறார். வெந்நீர் காலை ஆறு மணிக்குத் தீர்ந்துவிடுகிறது, பிந்தி எழுந்தவர்கள் முகம் மட்டும் கழுவிக்கொண்டு மைதானத்துக்குப் போனார்கள். காலையில் ராகிக் கஞ்சியும் அவித்த முட்டையும், ஓட்டம் முடிந்ததும் சுண்டல், மதியம் சோறு, குழம்பு, ஒரு பொரியல். சமையல் செய்த அக்கா யாரையும் அரைவயிறாக எழ விடவில்லை. கொண்டுபோன ஒரு கம்பளி போதாமல், தங்குமிடத்திலிருந்து இன்னொன்று கேட்டு வாங்கிக்கொண்டோம். இருபது கொண்டை ஊசி வளைவுகளையும் வேன் ஓட்டுநர் நிதானமாகவே ஏறினார். அப்படியும் இரண்டு பிள்ளைகள் வாந்தி எடுத்தார்கள் என்பதை வயிற்றை நிறைத்து அனுப்பும் தாய்மார்களுக்காகச் சொல்லி வைக்கிறேன்.

மைதானம்தான் முகாமின் மிகப் பெரிய குறை. வாடகைக்கு எடுத்திருந்த புல்தரையில் 400 மீட்டர் வட்டம் போட இடமில்லை. 200 மீட்டருக்குச் சற்றுக் கூடுதலான சுற்று மட்டுமே அமைந்தது. வளைவு மிகக் குறுகியதாக இருந்ததால், மூன்றாம் ஆளாக வளைவில் ஓடப் பழக வேண்டிய என் மகளைப் போன்றவர்கள், போட்டி மைதானத்தில் சந்திக்கவே போகாத ஒரு வளைவில்தான் ஓடிப் பார்த்தார்கள். ஒரு பக்கம் சரிவு வேறு. சுண்ணாம்புத் தூளால் போட்ட கோடுகள் பனியில் நனைந்து, காலை எட்டு மணிக்குள் பாதி அழிந்துவிடும். அதைச் சொன்னவுடன் மறுநாளே நாடாவும் கூம்புகளும் வைத்துச் சரிசெய்தார்கள், அந்த அக்கறையைப் பாராட்ட வேண்டும். ஆனாலும் சேலத்திலேயே முழு அளவு ஓடுதளம் இருக்கும்போது, தொடரோட்டத்தைக் கற்பிக்க அதைவிடச் சிறிய இடத்துக்கு மலையேறுவது எந்த வகையில் பொருத்தம் என்று இப்போதும் எனக்கு விளங்கவில்லை.

இனி மாலை வகுப்பு. இரவு உணவுக்கு முன் ஒன்றரை மணி நேரம், சுவரில் படம் விழும் சிறிய புரொஜெக்டர், ஒரு வெள்ளைப் பலகை, தலைமைப் பயிற்சியாளர், அவ்வளவுதான் ஏற்பாடு. அவர் ரயில்வே அணிக்காக ஓடி ஓய்வு பெற்றவர். எந்தப் பிள்ளையையும் ‘கண்ணு’ என்றுதான் கூப்பிடுவார். குரலை உயர்த்தி நான் கேட்கவில்லை. முதல் நாள் மாலை, எந்த முன்னுரையும் இல்லாமல் அவர் பலகையில் எழுதியது ஒரு மனிதருடைய இடங்களையும் நேரங்களையும் மட்டுமே. 2016 ரியோ ஒலிம்பிக் 100 மீட்டர், ஐந்தாம் இடம், 9.94 விநாடி. 2017 லண்டன் உலகப் போட்டி, ஐந்தாம் இடம். 2019 தோஹா உலகப் போட்டி, நான்காம் இடம், 9.93. 2021-இல் நடந்த டோக்கியோ ஒலிம்பிக், நான்காம் இடம், மறுபடியும் 9.93. 2022 யூஜின் உலகப் போட்டி, ஐந்தாம் இடம். 2023 புடாபெஸ்ட், அரையிறுதியில் முந்திப் புறப்பட்டதற்காக வெளியேற்றம். 2024 பாரிஸ் ஒலிம்பிக், 9.82 விநாடி, தென்னாப்பிரிக்காவின் தேசியச் சாதனை, இடம் நான்கு.

எழுதி முடித்து அவர் திரும்பியபோது, பின்வரிசையிலிருந்த ஒரு பையன், “அப்போ இவரு தோத்துக்கிட்டே இருந்தாருங்களா சார்?” என்று கேட்டான். “தோத்தவரு இல்ல கண்ணு. உலகத்துக்கே நாலாவது ஆளு” என்றார் பயிற்சியாளர். பிறகு பலகையின் மறுபக்கத்தை நிரப்பத் தொடங்கினார். 2018 கோல்டு கோஸ்ட் காமன்வெல்த் போட்டியில் ஜமைக்காவின் யோகன் பிளேக் ஓடிய அதே இறுதிச் சுற்றில் 10.03 விநாடியில் தங்கம் வென்றவர் இவர். 2021 ஜூலையில் ஹங்கேரியில் 9.84 விநாடியில் ஓடி ஆப்பிரிக்கச் சாதனை படைத்தார். இரண்டு மாதம் கழித்து நைரோபியில் கென்யாவின் பெர்டினான்ட் ஒமன்யாலா 9.77 விநாடியில் அதைத் தாண்டிவிட்டார். 2015 முதல் 2025 வரை ஒவ்வோர் ஆண்டும் குறைந்தது ஒரு முறையாவது பத்து விநாடிக்குள் ஓடிய தொடர்ச்சி சிம்பினேயுடையது; உசைன் போல்ட்டுக்குக்கூட அப்படிப் பதினோரு ஆண்டுகள் தொடர்ந்து அமையவில்லை. பலகையின் இரு பக்கங்களும் ஒரே ஆளைப் பற்றியவை என்பதைப் பிள்ளைகள் நம்பச் சற்று நேரம் பிடித்தது. மண்டல அளவிலும் மாவட்ட அளவிலும் நான்காவதாக வந்து சான்றிதழ்கூட இல்லாமல் வீடு திரும்பியவர்கள் அந்தக் கூடத்தில் பலர் இருந்தார்கள். அவர்களுக்கு ஆறுதல் உரை ஆற்றாமல், எண்களை மட்டும் எழுதிவிட்டு அவர் உட்கார்ந்தது எனக்குப் பிடித்திருந்தது.

பாரிஸ் இறுதிச் சுற்றைத் தனியாக எடுத்துக்கொண்டார். மூன்றாவதாக வந்த அமெரிக்காவின் பிரெட் கெர்லிக்கு 9.81, சிம்பினேவுக்கு 9.82. அந்த வேகத்தில் ஒரு விநாடியின் நூற்றில் ஒரு பங்கு என்பது பத்துப் பன்னிரண்டு சென்டிமீட்டர். அவ்வளவு தூரம்தான் பதக்கத்துக்கும் அவருக்கும் இடையில் இருந்தது. அது 2024 ஆகஸ்ட் 4 அன்று நடந்தது. ஆகஸ்ட் 9 அன்று, அதே ஸ்தாத் து பிரான்ஸ் அரங்கின் ஊதா நிற ஓடுதளத்தில், 4x100 மீட்டர் தொடரோட்ட இறுதிச் சுற்று. பயண்டா வலாசா, ஷான் மஸ்வாங்கன்யி, பிராட்லி நகோவானா, கடைசி ஆளாக சிம்பினே. கனடா 37.50 விநாடியில் தங்கம். பின்னாலிருந்து முன்னேறிய சிம்பினே அணியை 37.57-இல் இரண்டாம் இடத்துக்குக் கொண்டுவந்தார், பிரிட்டன் 37.61-இல் மூன்றாவது. அந்த 37.57 ஆப்பிரிக்கச் சாதனை. தனி ஓட்டத்தில் மூன்று ஒலிம்பிக்குகளிலும் கிடைக்காத பதக்கம், ஓட்டக்காரர்கள் கைமாற்றிக்கொள்ளும் பேட்டன் என்ற, 30 சென்டிமீட்டர்கூட நீளமில்லாத ஒரு குழாயின் வழியாக அவருக்கு வந்து சேர்ந்தது.

இரண்டாம் மாலை வகுப்பு ஒரு கணக்கில் தொடங்கியது. 9.82-ஐ நான்கால் பெருக்கினால் 39.28 வருகிறது, அணியில் வேறு யாரும் சிம்பினே அளவுக்கு வேகமானவர் இல்லை, பிறகு எப்படி நால்வரும் சேர்ந்து 37.57-இல் முடித்தார்கள்? பிள்ளைகள் ஷூவைச் சொன்னார்கள், காற்றைச் சொன்னார்கள். விடை எளியது. முதல் ஆள் மட்டுமே நின்ற நிலையிலிருந்து புறப்படுகிறார். மற்ற மூவரும் பேட்டன் கைக்கு வரும்போதே ஓடிக்கொண்டிருக்கிறார்கள். நின்ற நிலையிலிருந்து வேகம் பிடிக்கச் செலவாகும் நேரம் அந்த மூவரின் கணக்கிலும் கழிந்துவிடுகிறது. ஆனால் இந்த இலாபம் தானாகக் கிடைப்பதில்லை. பேட்டன் மாற்றுவதற்கு விதி அனுமதிக்கும் 30 மீட்டர் பகுதிக்குள், கொடுப்பவர் வேகம் குறையும் முன்பும் வாங்குபவர் வேகம் பிடித்த பின்பும் கை மாற வேண்டும். எல்லைக்குள் இருக்கிறதா என்று நடுவர் பார்ப்பது பேட்டனைத்தான், ஓடுகிறவரின் காலையோ உடம்பையோ அல்ல. இந்தக் கடைசி விவரம் பிள்ளைகளில் பாதிப் பேருக்குப் புதியது. பள்ளி அணியில் பல ஆண்டுகளாக ஓடுகிறவர்களும் அவர்களில் இருந்தார்கள்.

இந்த இடத்தில்தான் சிம்பினேவின் வாழ்க்கையைப் பாடமாக வைத்ததன் பொருத்தம் எனக்குப் புரிந்தது. அவருடைய தனி ஓட்டம் ஆண்டுக்கு ஆண்டு ஏறக்குறைய ஒரே சீராக இருக்கிறது; தொடரோட்டத்திலோ பெரிய ஏற்ற இறக்கங்கள். 2018 காமன்வெல்த்தில் தென்னாப்பிரிக்க அணிக்கு வெள்ளி. 2019 தோஹா தகுதிச் சுற்றில் 37.65 விநாடி, அன்றைய ஆப்பிரிக்கச் சாதனை. இறுதிச் சுற்றில் பதக்கம் இல்லை. டோக்கியோ ஒலிம்பிக்கில் தகுதிச் சுற்றிலேயே பேட்டன் ஒழுங்காகக் கைமாறாமல் அணி ஓட்டத்தையே முடிக்கவில்லை. உலகின் நான்காவது வேகமான மனிதர் அணியில் இருந்தும் எல்லைக் கோட்டைத் தொடாமல் திரும்ப நேர்ந்தது. பயிற்சியாளர் மிக அதிக நேரம் பேசியது பாரிஸ் வெள்ளியைப் பற்றி அல்ல, இந்த முடிக்கப்படாத ஓட்டத்தைப் பற்றித்தான். பாரிஸ் இறுதிச் சுற்றிலும் அதே பாடத்தின் இன்னொரு பக்கம் உண்டு. அமெரிக்க அணி, கிறிஸ்டியன் கோல்மனிடமிருந்து கென்னி பெட்னரெக்குக்குப் போக வேண்டிய முதல் மாற்றத்திலேயே தடுமாறித் தகுதி இழந்தது. காகிதத்தில் வேகமான நால்வரைக் கொண்ட அணி அது.

படத்தை அவர் ஓட்டிய விதத்தையும் சொல்ல வேண்டும். ஒவ்வொரு மாற்றத்தையும் மூன்று முறை காட்டுவார். முதல் முறை கொடுப்பவரை மட்டும் பார்க்கச் சொல்வார். இரண்டாம் முறை வாங்குபவரின் முதல் சில அடிகளை. மூன்றாம் முறை கையை. முதல் ஆளான வலாசாவுக்கு அப்போது 18 வயது, பள்ளியின் இறுதி வகுப்பு மாணவர். மூன்றாம் ஆளான நகோவானாவுக்கு 19. இருவரும் ஏறத்தாழத் தங்கள் வயதுக்காரர்கள் என்று தெரிந்ததும் கூடத்தில் ஏற்பட்ட சலசலப்பை அடக்க அவர் முயலவே இல்லை. ஒலிம்பிக் முடிந்து சில வாரங்களில் அதே வலாசா லிமாவில் நடந்த இருபது வயதுக்குட்பட்டோர் உலகப் போட்டியில் 100, 200 மீட்டர் இரண்டிலும் தங்கம் வென்றதையும், 2025 மே மாதம் குவாங்சோவில் நடந்த உலகத் தொடரோட்டப் போட்டியில் வலாசா, தம்பிலே, நகோவானா, சிம்பினே ஆகிய நால்வரும் 37.61 விநாடியில் தங்கம் வென்றதையும் மூன்றாம் மாலையில் சேர்த்தார். சிம்பினே உலக அளவில் தம் முதல் தனிப் பதக்கத்தைப் பெற்றதும் அதே ஆண்டில்தான். மார்ச் மாதம் நான்ஜிங்கில் நடந்த உள்ளரங்கப் போட்டியின் 60 மீட்டர் ஓட்டத்தில் வெண்கலம் கிடைத்தபோது அவருக்கு வயது 31.

மாலையில் பேசியதெல்லாம் மறுநாள் காலையில் மைதானத்தில் உடற்பயிற்சியாக மாறுவதுதான் இந்த முகாமின் உண்மையான பலம். முதலில் நின்ற இடத்தில் கைமாற்றம், பிறகு நடையில், பிறகு மெல்லோட்டத்தில், கடைசியாக முழு வேகத்தில். வாங்குபவர் தமக்குப் பின்னால் தரையில் ஒரு நாடாத் துண்டு ஒட்டிக் குறி வைக்கிறார்; வருகிறவர் அந்தக் குறியைத் தாண்டிய கணத்தில் புறப்பட்டுவிட வேண்டும், அதன்பின் திரும்பிப் பார்க்கக் கூடாது. “திரும்பாதே கண்ணு, கை மட்டும் பின்னால போகட்டும். குழாய் வந்து சேருமா சேராதாங்கிறது அவனோட கவலை” என்பதுதான் காலை முழுவதும் கேட்ட குரல். என் மகளின் குறி முதல் நாளில் 18 அடியில் இருந்தது. கடைசி நாளில் 22 அடிக்குப் போயிருந்தது. குறி பின்னால் நகர்கிறது என்றால் வாங்குபவர் முன்கூட்டியே புறப்படுகிறார் என்று பொருள், கொடுப்பவர் தம்மைப் பிடித்துவிடுவார் என்ற நம்பிக்கை வந்த பிறகே அது நடக்கும். அவளுக்குக் கொடுப்பவள் ஓமலூர்ப் பக்கத்துப் பள்ளி ஒன்றைச் சேர்ந்தவள், முகாமில்தான் முதன்முறை சந்தித்தார்கள்.

பேட்டன்கள் விஷயத்தில் பயிற்சியகம் கஞ்சத்தனம் காட்டியிருக்கிறது. உலகத் தடகள அமைப்பின் விதிப்படி பேட்டன் உள்ளீடற்ற, வழுவழுப்பான உருளைக் குழாயாக இருக்க வேண்டும். நீளம் 28 முதல் 30 சென்டிமீட்டர், குறுக்களவு ஏறத்தாழ 4 சென்டிமீட்டர், எடை 50 கிராமுக்குக் குறையக் கூடாது. முகாமில் இருந்தவற்றில் சில நல்ல அலுமினியப் பேட்டன்கள். மற்றவை லேத் பட்டறையில் வெட்டி வாங்கிய குழாய்த் துண்டுகள். அவற்றில் சிலவற்றின் விளிம்பு சரியாகத் தேய்க்கப்படாமல் விரலைக் கீறியது, சில தேவைக்கு மேல் கனமாக இருந்தன. இதே சேர்வராயன் மலையில் வெட்டியெடுத்த பாக்சைட் ஒரு காலத்தில் மேட்டூருக்குப் போய் அலுமினியமாக மாறியது. அந்த மலை மேலேயே பிள்ளைகள் மட்டமான குழாயைப் பிடித்து ஓடுவதைப் பார்த்தபோது எனக்குச் சற்று எரிச்சல் வந்தது. நல்ல பேட்டன் ஒன்றின் விலை ஒரு வேளை ஓட்டல் சாப்பாட்டுக்கு மேல் போகாது. பனியில் பேட்டன் ஈரமாகிக் கையிலிருந்து வழுக்கியதைப் பயிற்சியாளர் குறையாகக் கருதவில்லை. கையுறை அணிந்து ஓட விதி இடம் தருவதில்லை என்பதால், துண்டால் துடைத்துவிட்டு ஈரத்திலேயே பழகச் சொன்னார். அதற்கு அவர் காட்டிய எடுத்துக்காட்டு 2025 செப்டம்பரில் டோக்கியோ உலகப் போட்டியின் 4x400 மீட்டர் இறுதிச் சுற்று. கொட்டும் மழையில் போட்ஸ்வானா 2:57.76-இல் தங்கம் வென்ற ஓட்டம் அது.

நான்காம் மாலை போட்ஸ்வானாவுக்கும் நைஜீரியாவுக்கும் உரியது. பாரிசில் அமெரிக்காவிடம் பத்தில் ஒரு விநாடியில் தங்கத்தை இழந்த போட்ஸ்வானா அடுத்த ஆண்டே உலகப் பட்டத்தை வென்றதும், அந்த வெற்றிக்காக நாட்டுக்கே பொது விடுமுறை விட்டதும் பிள்ளைகளுக்கு மிகப் பிடித்துப்போனது. விடுமுறை என்ற சொல்லுக்கே அவர்கள் கைதட்டினார்கள் என்பது என் எண்ணம். நைஜீரியாவின் கதை வேறு வகை. 2000 சிட்னி ஒலிம்பிக்கின் 4x400 மீட்டரில் கிளெமன்ட் சுக்வு, ஜூட் மோன்யே, சண்டே பாடா, எனபியோக் உடோ-ஒபோங் ஆகிய நால்வரும் 2:58.68-இல் அமெரிக்காவுக்கு அடுத்து இரண்டாவதாக வந்தார்கள். அமெரிக்க அணியில் ஓடிய ஆன்டோனியோ பெட்டிக்ரூ ஊக்கமருந்து பயன்படுத்தியதாக 2008-இல் ஒப்புக்கொண்டார். அதன் விளைவாக 2012-இல் தங்கம் நைஜீரியாவுக்கு மாற்றப்பட்டது. அதற்குச் சில மாதங்களுக்கு முன், 2011 டிசம்பரில், பாடா காலமாகிவிட்டார். இதைச் சொன்னபோது கூடத்தில் யாரும் பேசவில்லை. ஊக்கமருந்து பற்றித் தனி வகுப்பு எதுவும் முகாமில் இல்லை, இந்த ஒரு கதையோடு நிறுத்திக்கொண்டார்கள். கடைகளில் புரத மாவு டப்பாக்களை வாங்கிக் கரைத்துக் குடிக்கும் பழக்கம் மேல்வகுப்புப் பையன்களிடம் பரவிவரும் நேரத்தில் அதற்கு ஒரு மணி நேரம் ஒதுக்கியிருக்கலாம்.

மாலை வகுப்பில் எனக்கு உண்மையாகவே வருத்தம் தந்த குறை ஒன்று உண்டு. சேர்ந்த பிள்ளைகளில் ஏறத்தாழப் பாதிப் பேர் பெண்கள். நான்கு மாலைகளிலும் திரையில் ஒரு பெண்கூட ஓடவில்லை. ஆப்பிரிக்கத் தொடரோட்டத்தைப் பேசும்போது இதற்குச் சாக்குச் சொல்லவே முடியாது. 1992 பார்சிலோனாவில் பியாட்ரிஸ் உடோண்டு, பெய்த் இடெஹென், கிறிஸ்டி ஒபாரா-தாம்சன், மேரி ஓன்யாலி ஆகிய நைஜீரியப் பெண்கள் 4x100 மீட்டரில் 42.81 விநாடியில் வெண்கலம் வென்றார்கள். 1996 அட்லாண்டாவில் அதே நாட்டின் பெண்கள் அணிக்கு 4x400 மீட்டரில் வெள்ளி. ஓன்யாலி 1988 முதல் 2004 வரை ஐந்து ஒலிம்பிக்குகளில் ஓடியவர். அட்லாண்டாவில் 200 மீட்டரில் தனிப்பட்ட வெண்கலமும் பெற்றார். விடாமுயற்சியைக் கற்பிக்க சிம்பினே பொருத்தமானவர் என்றால் ஓன்யாலியும் எந்த வகையிலும் குறைந்தவர் அல்லர். கடைசி நாளில் இதைப் பயிற்சியாளரிடம் சொன்னேன். “நீங்க சொல்றது சரிதானுங்க, அடுத்த தடவை சேர்த்துக்கிறேனுங்க” என்று குறித்துக்கொண்டார். சேர்த்தாரா என்பதை அடுத்த முகாமுக்குச் செல்கிறவர்கள்தான் சொல்ல வேண்டும். நம் நாட்டு ஓட்டத்துக்கும் சில நிமிடங்களே கிடைத்தன. 2023 புடாபெஸ்ட் தகுதிச் சுற்றில் இந்திய ஆண்கள் அணி 2:59.05-இல் ஆசியச் சாதனை படைத்த 4x400 ஓட்டத்தில், கடைசி ஆளாக ஓடியவர் தமிழ்நாட்டின் ராஜேஷ் ரமேஷ். அந்தக் காட்சியை ஒரு முறை மட்டும் ஓட்டிவிட்டு அடுத்ததற்குப் போய்விட்டார்கள்.

யாருக்கு இந்த முகாம் பொருந்தும் என்று கேட்டால், ஏற்கெனவே பள்ளி அணியில் ஓடிக்கொண்டிருப்பவர்களுக்கு, குறிப்பாக 4x100 மீட்டர் ஓடுகிறவர்களுக்கு என்பேன். இரண்டு பேராகவோ நான்கு பேராகவோ ஒரே பள்ளியிலிருந்து சென்றால் பயன் இன்னும் கூடும். அங்கே அளந்து வைக்கும் குறியைத் திரும்பி வந்த பின்னும் அதே ஆளோடு பயன்படுத்தலாம். புதிதாக ஓடத் தொடங்கும் பிள்ளைக்கு இது வேண்டாம். புறப்பாடு, ஓடும் தோரணை போன்ற அடிப்படைகளுக்கு இங்கே நேரம் ஒதுக்குவதில்லை. நெடுந்தூரம் ஓடுகிறவர்களும் துண்டறிக்கையிலுள்ள உயரக் கணக்கை நம்பிப் போக வேண்டாம். முதலுதவிப் பெட்டி இருந்தது, ஒரு பெண்ணுக்குக் கணுக்கால் பிசகியபோது உடனே வண்டி வைத்து மருத்துவமனைக்கு அழைத்துச் சென்றார்கள். முழுநேர இயன்முறை மருத்துவர் யாரும் இல்லை.

முன்பதிவு கைப்பேசி வழியாகத்தான். பாதிப் பணம் முன்னதாகக் கட்ட வேண்டும், இரசீது கேட்டால்தான் தருகிறார்கள். எந்த மைதானம், சுற்று எத்தனை மீட்டர் என்பதை எழுத்தில் கேட்டு வாங்கிக்கொள்வது நல்லது. பிள்ளைக்கென்று சொந்தமாக ஒரு அலுமினியப் பேட்டன் கொடுத்தனுப்புங்கள். கோடை விடுமுறையிலும் ஒரு முகாம் வைக்கப் போவதாகச் சொன்னார்கள். மே மாதத்தில் கோடை விழாவும் மலர்க் கண்காட்சியும் நடக்கும் நாட்களில் மலைப்பாதையில் வேன் நகராது, அறைகளின் வாடகையும் ஏறியிருக்கும். தேதியைத் தெரிந்துகொண்ட பிறகே முன்பணம் கட்டுங்கள்.